தெரிந்தே மாறிய ஓர் ஒலி

சாகாதவர்களின் மொழி எதற்காக மாற வேண்டும்?

இந்தக் கேள்வியை முதன்முதலாகப் படித்த இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. மொட்டைமாடிக்குப் போய் நடந்துகொண்டே இருந்தேன். மொழி ஏன் மாறுகிறது என்று கேட்டால் நம்மிடம் ஒரு பதில் இருக்கிறது. தாத்தா போகிறார், பேரன் வருகிறான். தாத்தா சொன்னதைப் பேரன் கொஞ்சம் வேறு மாதிரி காதில் வாங்குகிறான்; அவன் பிள்ளை இன்னும் கொஞ்சம். ஆயிரம் வருஷம் போனால் பாட்டன் பேச்சுக்கு உரையாசிரியர் தேவைப்படுகிறார். சரி, அந்தத் தாத்தா சாகவே இல்லை என்றால்? பத்தாயிரம் வருஷமாக அதே திண்ணையில், எல்லா ஞாபகத்தோடும் உட்கார்ந்திருக்கிறார் என்றால்? பேரன் நாக்கு பிறழ்ந்தால் உடனே திருத்த ஆள் பக்கத்திலேயே இருக்கிறாரே! அப்படிப்பட்ட வீட்டில் ஒரு சொல் எப்படித் தேயும், ஓர் எழுத்து எப்படி இன்னொன்றாகும்?

கேட்டவன் ஏல்ஃப்வினே. மேற்குக் கடலைத் தாண்டி, சாகாத எல்ஃபுகளின் தீவுக்குப் போய்ச் சேர்ந்த ஆங்கிலேய மாலுமி. பதில் சொல்கிறவர் பெங்கோலோத், எல்ஃப் அறிஞர். இரண்டு பேருமே ஜே. ஆர். ஆர். டோல்கீனின் கற்பனையில் பிறந்தவர்கள். ‘தங்வெத் பெங்கோலோத்’, அதாவது பெங்கோலோத்தின் பதில், என்ற அந்தச் சிறு உரை 1996-இல்தான் அச்சில் வந்தது, டோல்கீன் மறைந்து 23 வருஷம் கழித்து. சில பக்கங்கள்தான். ஆனால் மொழியையும் காலத்தையும் சேர்த்து யோசித்த எழுத்தில் இதைவிட என்னை ஆட்டிவைத்த இன்னொன்று இல்லை என்று அடித்துச் சொல்வேன்.

பெங்கோலோத் சொல்வதன் சாரம் இது. எல்ஃபுகளும் மாறுகிற உலகத்துக்குள்தான் வாழ்கிறார்கள். காலத்துக்கு வெளியே நிற்க அவர்களாலும் ஆகாது. மனிதர்களின் பேச்சு மறதியால் மாறுகிறது. எல்ஃபுகள் எதையும் மறப்பதில்லை, ஆனால் அவர்கள் பிறவிக் கலைஞர்கள். ஓர் ஒலி நாவுக்குப் புதிதாக இனித்தால் அதை எடுத்துப் புழங்குகிறார்கள். ஒரு சொல்லில் மாற்றினால் மொழி முழுவதும் அது எப்படி ஓடும் என்பதையும் சேர்த்தே கேட்கிறது அவர்கள் காது. நான் இதை இப்படிப் புரிந்துகொண்டேன்: தறியில் உட்கார்ந்த நெசவாளி ஊடையின் நிறத்தை மாற்றுகிறார். பழைய நிறம் தீர்ந்துபோகவில்லை. பக்கத்திலேயே கண்டு கண்டாக இருக்கிறது. மாற்றினால் முந்தானைவரை சேலை எப்படி வரும் என்று அவர் மனக்கண்ணில் பார்த்துவிட்டார். பார்த்துவிட்டுத்தான் கை வைக்கிறார்.

நான் பிழைதிருத்தும் வேலை செய்கிறவன். நாள் முழுக்க அடுத்தவர் எழுத்தில் ‘ள’வை ‘ழ’வாகவும் ‘ன’வை ‘ண’வாகவும் மாற்றிக்கொண்டிருப்பவன். மாற்றம் என்றாலே பிழை என்று பழகிப்போன கண் என்னுடையது. அந்தக் கண்ணுக்கு முன்னால் இப்படி ஒரு பக்கம் வந்து விழுந்தால் என்ன ஆகும்? மாடியில் நடக்காமல் என்ன செய்வது?

இதற்குள் நான் வந்த வழியைச் சொல்லிவிடுகிறேன். பெங்களூரில் இரண்டு வருஷம் இருந்தபோது ஒரு பழைய புத்தகக் கடையில் ‘த லார்ட் ஆஃப் த ரிங்ஸ்’ மூன்றாம் பாகம் மட்டும் கிடைத்தது. முதல் இரண்டும் இல்லை. கதையை நடுவிலிருந்து ஆரம்பிக்க மனமில்லாமல் பின்பக்கத்தைப் புரட்டினேன். பின்னிணைப்புகள்! அரச வம்சங்கள், ஆண்டுக் கணக்கு, நாட்காட்டி, எழுத்து, உச்சரிப்பு, மொழிகள். கதை என்ன என்று தெரிவதற்கு முன்பே அந்த உலகத்தின் இலக்கணம் எனக்குத் தெரியவந்துவிட்டது. இதைவிட நல்ல வாசல் கிடையாது என்று இன்றைக்கும் நினைக்கிறேன்.

அந்த எழுத்து அட்டவணையை உங்களுக்குக் கொஞ்சம் பக்கத்தில் காட்ட வேண்டும். தெங்வார் என்று பெயர். முதன்மை எழுத்துகள் 24. நம் க-ங, ச-ஞ வரிசை போலவே ஒலி பிறக்கும் இடத்தையும் பிறக்கும் விதத்தையும் வைத்து அடுக்கியிருக்கிறது. ஒவ்வோர் எழுத்துக்கும் ஒரு தண்டு, ஒரு வளைவு. முதல் எழுத்து ‘தின்கோ’: தண்டு கோட்டுக்குக் கீழே இறங்கும், வளைவு ஒன்று. பல்லைத் தொட்டு வெடிக்கும் ஒலி. வளைவை இரட்டித்தால் அதன் குரலொலி வடிவம் வந்துவிடுகிறது. இப்போது ஒற்றை வளைவை அப்படியே விட்டுவிட்டு, தண்டை மட்டும் கீழேயிருந்து எடுத்து மேலே தூக்குங்கள். வெடித்த ஒலி மூச்சாகிவிடுகிறது! நாக்கு நுனியைப் பல்லிடுக்கில் வைத்து ஊதும் ஒலி. ஆங்கிலத்தில் ‘திங்க்’ என்னும் சொல்லின் முதலொலி. இது ஒன்பதாம் எழுத்து. பெயர் ‘தூலே’. பொருள், ஆவி. மூச்சால் பிறக்கும் ஒலிக்கு ஆவி என்று பெயர் வைத்தவரை நான் என்னவென்று சொல்ல!

ஆனால் அட்டவணையில் அந்தப் பெயருக்குப் பக்கத்தில் இன்னொரு பெயரும் இருக்கிறது: ‘சூலே’. தூலே அல்லது சூலே. ஏன் இரண்டு? 1955-இல் அச்சான அந்தப் புத்தகத்தில் அதன் முழுக்கதை இல்லை. அது ‘ஃபியனோரின் ஷிபொலெத்’ என்ற கட்டுரையில் இருக்கிறது. டோல்கீன் தம் கடைசிக் காலத்தில், 1968 வாக்கில் எழுதியது; அதுவும் 1996-இல்தான் வெளியானது. ஓர் எழுத்துக்கு ஏன் இரண்டு பெயர் என்ற கேள்விக்குப் பின்னால் ஒரு குடும்பம் உடைந்த கதை கிடக்கிறது.

நோல்தோர் என்பார் எல்ஃபுகளில் அறிவும் கைத்திறனும் மிகுந்த குலம். அவர்கள் பேச்சில் அந்த ஊதும் ‘த’ மெல்ல மெல்ல ‘ச’ ஆகிக்கொண்டிருந்தது. தெரியாமல் நடந்ததல்ல; எல்லோரும் அறிந்து, விரும்பி ஏற்றுக்கொண்ட மாற்றம். ஆனால் அரசன் ஃபின்வேயின் மனைவி மீரியல் பழைய ஒலியை விடவில்லை. அவள் தையல் வேலையில் ஈடிணையற்றவள். அதனால் அவளுக்கு ஊசிக்காரி என்று பட்டப்பெயர். அந்தப் பட்டப்பெயரிலேயே அந்த ஒலி இருந்தது. குறைந்தபட்சம் என் பெயரையாவது சரியாகச் சொல்லுங்கள் என்பது அவள் விருப்பம்.

அந்தப் பெயரை நான் தமிழில் எழுதிப் பார்த்தபோது கை நின்றுவிட்டது. தெரிந்தே. மீரியல் தெரிந்தே.

அவர்கள் மொழியில் ஊசிக்காரி. நம் மொழியில், அறிந்தே செய்தது. எதேச்சையான ஒற்றுமைதான், வேறொன்றும் இல்லை. ஆனால் மொழியைத் தெரிந்தே மாற்றிக்கொள்ளும் ஒரு குலத்தில், மாறாமல் தெரிந்தே நின்றவளுக்கு இந்தப் பெயர் அமைந்திருக்கிறது! தமிழ் வாசகனுக்கு மட்டும் கிடைக்கிற இந்தச் சிலிர்ப்பை நான் யாருக்கும் விட்டுக்கொடுக்க மாட்டேன்.

மீரியலுக்கு ஒரே மகன், ஃபியனோர். அவனைப் பெற்றதிலேயே உயிரின் சத்தெல்லாம் வடிந்து அவள் மாய்ந்துபோகிறாள். சாவே இல்லாத நாட்டில் நிகழ்ந்த சாவு. ஃபின்வே மறுமணம் செய்கிறான். வந்தவள் இந்திஸ், அவள் பிறந்த குலத்தில் அந்தப் பழைய ‘த’ இன்னும் உயிரோடு இருந்தது. ஆனால் வாழ வந்த இடத்துப் பேச்சே என் பேச்சு என்று அவள் ‘ச’வுக்கு மாறிக்கொள்கிறாள். நல்ல எண்ணம்தான். அதுவே நெருப்பாகிறது. தாயின் பெயரைச் ‘செரிந்தே’ என்று சொல்கிற ஒவ்வொரு வாயும் ஃபியனோருக்குத் தாயை இரண்டாம் முறை கொல்கிற வாயாகத் தெரிகிறது. தன் பிள்ளைகளுக்கு ‘த’வைச் சொல்லிக்கொடுத்து வளர்க்கிறான். யார் எந்த ஒலியைச் சொல்கிறார்கள் என்பதே யார் எந்தப் பக்கம் என்பதற்கு அடையாளம், அதாவது ஷிபொலெத், ஆகிவிடுகிறது. அதே குடும்பத்தைச் சேர்ந்த கலாட்ரியேல் ‘ச’வைப் பிடித்துக்கொண்டதற்குக் காரணம் ஃபியனோர் மீதிருந்த பகை. ‘த லார்ட் ஆஃப் த ரிங்ஸ்’ கதையில் காட்டை விட்டுப் பயணக்கூட்டம் கிளம்பும்போது அவள் பாடும் புலம்பலில் ‘ச’தான் ஒலிக்கிறது, பல ஆயிரம் வருஷத்துக்கு முந்தைய ஒரு குடும்பச் சண்டையில் தான் நின்ற பக்கத்தை அவள் நாக்கு இன்னும் விடவில்லை!

எனக்கு இது ஏன் இவ்வளவு ஆழமாகத் தைத்தது என்றால், என் அம்மாவுக்கு ‘ழ’ வராது. திருநெல்வேலிப் பக்கம். வாளைப்பளம், கோளி, ஏளு. பள்ளிக்கூடத்தில் நானும் அப்படித்தான் வாசித்தேன். ஒரு வாத்தியார் என்னைப் பெஞ்சு மேல் நிற்கவைத்து வகுப்பு முடியும்வரை ‘வாழைப்பழம்’ சொல்லவைத்தார். அன்று சாயங்காலம் வீட்டுக்கு வந்து அம்மாவைத் திருத்தினேன். அதன் பிறகு பல வருஷம் திருத்திக்கொண்டே இருந்தேன். அது எனக்குப் பெரிய காரியமாகவும் பட்டது.

ஷிபொலெத் கட்டுரையைப் படித்த மறுநாள் அம்மாவுக்குப் போன் போட்டு மீரியல் கதையைச் சொன்னேன். பொறுமையாகக் கேட்டாள். “பெத்தவ பேரயே மாத்திச் சொன்னா பிள்ளைக்கு வயிறு எரியத்தான செய்யும்,” என்றாள். பிறகு, “அவ என்ன தைப்பா, ஜாக்கெட்டா?” என்று கேட்டாள். பூத்தையல் என்றேன். “அதான பாத்தேன்.”

ஒன்றை ஒத்துக்கொள்ள வேண்டும்: மீரியல் காத்தது பழைய ஒலி, அம்மா சொல்வது புதிய ஒலி. வரலாற்றுப்படி பார்த்தால் வாத்தியார்தான் மீரியல் பக்கம். ஆனால் பிள்ளையின் காதுக்கு வரலாறு தெரியாது, அம்மாவின் குரல்தான் தெரியும். அதை டோல்கீன் அறிந்திருந்தார். ஒலிமாற்ற விதி ஒன்றை எழுத வேண்டிய இடத்தில் தாயில்லாப் பிள்ளையின் கதையை எழுதினார். அவரே 12 வயதில் தாயை இழந்தவர்.

‘த’வுக்கும் ‘ச’வுக்குமான இந்த வழக்கின் தடயம் கதையில் எங்கெல்லாம் கிடக்கிறது என்று தேட ஆரம்பித்தால் நேரம் போவதே தெரியாது. திரைப்படத்தை மட்டும் பார்த்தவர்களுக்கும் இசில்தூரைத் தெரியும். மோதிரத்தை நெருப்பில் போட மறுத்த அரசன். அவன் கட்டிய கோட்டை மினாஸ் இதில். இரண்டு பெயரிலும் இருப்பது நிலா. நோல்தோரின் க்வென்யா மொழியில் நிலா ‘இசில்’, இன்னோர் எல்ஃப் மொழியான சிந்தாரினில் ‘இதில்’. ஒரே மூலச்சொல், ஒன்றில் பழைய ஒலி அப்படியே நின்றது, மற்றதில் ‘ச’ ஆனது. அரசன் பெயரில் ஒரு காலம், அவன் கோட்டைப் பெயரில் இன்னொரு காலம்! இது தெரிந்த பிறகு அந்தக் கதையின் வரைபடத்தை என்னால் வெறும் வரைபடமாகப் பார்க்க முடியவில்லை.

கன்னட நாட்டில் இருந்தபோது பால்காரரிடம் ‘ஹாலு’ என்று கேட்டுப் பழகினேன். பால் அங்கே ஹாலு, புலி ஹுலி, பத்து ஹத்து. பழைய கன்னடத்தில் அங்கும் ‘ப’தான். இப்படி ஒரு விதி புரிந்துவிட்டால், கேட்டிராத சொல்லையும் ஊகித்துவிடலாம் என்ற போதை இருக்கிறதே, அதே போதையை எல்ஃப் மொழிகள் தருகின்றன. அன்னப்பறவைக்கு மூலச்சொல் ‘அல்க்வா’. க்வென்யாவில் அது கிட்டத்தட்ட அப்படியே நிற்கிறது. தெலேரி என்ற எல்ஃப் குலத்தின் மொழியில் ‘க்வ’ என்பது ‘ப’ ஆகி ‘அல்பா’. சிந்தாரினில் இன்னும் தேய்ந்து ‘அல்ஃப்’. மரத்துக்கு க்வென்யாவில் ‘அல்தா’. சிந்தாரினில் மூலத்தின் ‘க’ முன்னால் நிற்க, ‘கலத்’. இன்னொன்றும் சொல்ல வேண்டும். கன்னடத்தில் ஏழு ‘ஏளு’தான். அங்கே அதற்காக யாரையும் பெஞ்சு மேல் ஏற்றுவதில்லை.

அன்னத்துக்கான அந்தச் சொல் சும்மா அகராதியில் கிடக்கவில்லை. தெலேரிகளின் துறைமுகத்துக்கு அல்க்வாலொந்தே என்று பெயர், அன்னத்துறை. கப்பல் தர மறுத்தார்கள் என்பதற்காக ஃபியனோரின் ஆட்கள் அந்த ஊரில் புகுந்து தெலேரிகளை வெட்டிச் சாய்த்தார்கள். பெயரை மறுபடி பாருங்கள்: அல்க்வா. தெலேரிகள் தம் வாயால் ‘அல்பா’ என்பார்கள். கதையில் நாம் அந்த ஊரை அறிவது கொன்றவர்களின் உச்சரிப்பில். செய்தி கேள்விப்பட்ட சிந்தார் குலத்தின் அரசன் திங்கோல், தெலேரிகளின் ரத்த உறவு, தன் நாட்டில் க்வென்யா பேசவே கூடாது என்று தடை போடுகிறான். அன்றோடு க்வென்யா வீட்டுப் பேச்சிலிருந்து போய் ஏட்டு மொழியாகிறது. எந்த மொழி எப்போது செம்மொழி ஆனது என்பதற்கு இங்கே ஒரு நாள், ஒரு குற்றம், ஓர் ஆணை இருக்கிறது.

மொழியை ஆராயும் துறைக்கு எல்ஃபுகள் வைத்த பெயர் லம்பெங்கோல்மோர். மொழியறிந்தோர் என்று சொல்லலாம். அதை நிறுவியவன் யார் தெரியுமா? அதே ஃபியனோர். தெங்வார் எழுத்தை வகுத்தவனும் அவனே. அதற்கு முன் ரூமில் என்ற அறிஞர் வகுத்த எழுத்து ஒன்று இருந்தது, அதை மெருகேற்றினான். கற்பனையில் ஒரு புலமைத்துறையைப் படைத்து, அதற்கு முதல் ஆசிரியனாக, தாயின் ஒலிக்காகச் சண்டை போட்ட மகனை உட்காரவைத்திருக்கிறார் டோல்கீன். எனக்கு வேறென்ன வேண்டும்!

இதெல்லாம் பொழுதுபோகாதவரின் விளையாட்டு என்று நினைப்பவர்களுக்கு ஒன்று சொல்வேன். டோல்கீனுக்குத் தொழிலே இதுதான். முதல் உலகப்போர் முடிந்து 1919, 1920-இல் ஆக்ஸ்ஃபோர்டு ஆங்கில அகராதியில் வேலை பார்த்தார். டபிள்யூ எழுத்துச் சொற்கள். வால்ரஸ் என்ற ஒற்றைச் சொல்லின் பிறப்பைத் தேடி அவர் எழுதி எழுதி அடித்த குறிப்புகள் இருக்கின்றன. 1925 முதல் ஆக்ஸ்ஃபோர்டில் பழைய ஆங்கிலப் பேராசிரியர். எழுத்தில் எங்கும் கிடைக்காத, ஆனால் ஒருகாலத்தில் இருந்தே தீர வேண்டிய ஒரு மூலச்சொல்லை மொழியறிஞர்கள் ஊகித்து எழுதும்போது அதன் தலையில் ஓர் உடுக்குறி போடுவார்கள். எவரும் கேட்டதில்லை, ஆனால் யாரோ பேசியிருக்கிறார்கள் என்பதற்கு அடையாளமாக ஒரு சின்ன நட்சத்திரம். டோல்கீன் அந்த நட்சத்திரத்துக்குப் பின்னால் குடியேறிவிட்டார். சொல்லை ஊகித்த கையோடு, அதைப் பேசியவர்கள் யார், எந்தக் கரையில் நின்று பேசினார்கள், ஏன் விட்டார்கள் என்று கேட்டுக்கொண்டே போனார்.

அப்படிப் போனதில் அவருக்குக் கிடைத்தது ஒரு காலப்பயணம். இயந்திரம் இல்லாத காலப்பயணம்!

1930களின் நடுவில் சி. எஸ். லூயிஸும் டோல்கீனும் ஓர் ஒப்பந்தம் போட்டார்கள். தாங்கள் படிக்க விரும்பும் கதைகளை வேறு யாரும் எழுதாததால் தாங்களே எழுதுவது. லூயிஸ் விண்வெளிப் பயணம், டோல்கீன் காலப்பயணம். லூயிஸ் முடித்து 1938-இல் வெளியிட்டுவிட்டார். டோல்கீன் தொடங்கிய ‘த லாஸ்ட் ரோடு’ பாதியில் நின்றது. 1987-இல் அவர் மகன் கிறிஸ்டோஃபர் பதிப்பித்தார். பாதியில் நின்றதுதான். ஆனாலும் எத்தனையோ முடிந்த நாவல்களைக் கொண்டுவந்து கொடுத்தாலும் நான் மாற்றிக்கொள்ள மாட்டேன்.

கார்ன்வால் கடற்கரையில் அல்பொயின் என்று ஒரு பையன். எனக்கு ஏன் இப்படிப் பெயர் வைத்தாய் என்று அப்பாவிடம் கேட்கிறான். அப்பா வரலாற்று வாத்தியார். கி.பி. 568-இல் இத்தாலிக்குள் புகுந்த லொம்பார்டிய அரசன் பெயர் அது. பழைய ஆங்கிலத்தில் அதே பெயர் ஏல்ஃப்வினே, பொருள் எல்ஃபுகளின் நண்பன். பையனுக்குத் தூக்கத்தில் சொற்கள் வருகின்றன. காலைச் சாப்பாட்டின்போது அப்பாவிடம் ஒப்பிக்கிறான். யாரும் பேசாத மொழி. ஆனால் இலக்கணம் இருக்கிறது, ஒன்றிலிருந்து ஒன்று வந்த ஒலிமுறை இருக்கிறது. வளர்ந்து பேராசிரியராகி, தானும் ஒரு பிள்ளைக்கு அப்பாவான பிறகு, கனவில் எலெந்தில் வருகிறான், கடலில் மூழ்கிய நூமெனோர் தீவைச் சேர்ந்தவன். அல்பொயின், ஏல்ஃப்வினே, எலெந்தில்: மூன்றுக்கும் பொருள் ஒன்றே. மகன் ஆவ்தொயின் பெயருக்கும் அப்படியே ஒரு சங்கிலி: எட்வினே, ஹெரெந்தில். பெயரின் பொருள்தான் கயிறு. அதைப் பிடித்துக்கொண்டு தகப்பனும் பிள்ளையும் ஜோடி ஜோடியாகக் காலத்தில் இறங்கிப்போவதாகத் திட்டம். நம் வீடுகளில் பேரனுக்குத் தாத்தா பெயரை வைக்கிறோம். அந்தப் பழக்கத்துக்குள் இப்படி ஒரு வாகனம் ஒளிந்திருக்கும் என்று எனக்கு யாரும் சொன்னதில்லை.

1945, 46-இல் மறுபடி முயன்றார். ‘த நோஷன் கிளப் பேப்பர்ஸ்.’ இது இன்னும் துணிச்சல். ஆக்ஸ்ஃபோர்டில் தேர்வு நடக்கும் கட்டடத்தின் நிலவறையில், 2012-இல், கழிவுக் காகித மூட்டையில் ஒரு கட்டுக் குறிப்பு கிடைப்பதாகத் தொடங்குகிறது. 1980களில் கூடிய ஒரு நண்பர் வட்டத்தின் கூட்டக் குறிப்புகள். எழுதப்பட்டதோ 1940களில்! பேராசிரியர்கள் கூடி, விண்கலத்தை வைத்துக் கதை சொல்வது எவ்வளவு மோசமான உத்தி என்று சண்டை போடுகிறார்கள். பிறந்ததும் காதில் விழும் மொழி வேறு, நம் ரத்தத்துக்குப் பிடித்த மொழி வேறு என்று ஒருவர் வாதிக்கிறார். டோல்கீன் 1955-இல் ஆங்கிலமும் வெல்ஷும் பற்றி ஆற்றிய சொற்பொழிவிலும் இந்த எண்ணம் வருகிறது. வட்டத்தில் லவ்டம் என்று ஒருவர். கனவில் அவருக்கு வருவது இரண்டு மொழிகள். கேட்டதை அவர் எழுதிக்கொண்டு வருகிற பக்கத்தை நான் எத்தனை முறை விரித்துப் பார்த்திருப்பேன்! மேலே தெரியாத மொழி, கீழே சொல்லுக்குச் சொல் பொருள், பொருள் பிடிபடாத இடத்தில் வெறும் கேள்விக்குறி. ஒரு தீவு கடலில் மூழ்கிய சேதியை, ஓட்டை விழுந்த சுவடி போல, நாமும் உடனிருந்து படித்தெடுக்கிறோம். தெரியாததைத் தெரியாது என்று விட்ட அந்தக் கேள்விக்குறிகளைப் பார்த்துத்தான் நான் அந்தத் தீவு இருந்ததென்று நம்பினேன்.

அந்தக் குறிப்புகளில் ஒரு பெரும் புயல் வீசுகிறது. பழைய நூமெனோரின் அழிவு நிகழ்காலத்துக்குள் உடைத்துக்கொண்டு நுழையும் இரவு. டோல்கீன் போட்ட தேதி 1987 ஜூன் 12. அந்த வருஷமே அக்டோபர் 15 இரவு நிஜமான புயல் ஒன்று தெற்கு இங்கிலாந்தைப் புரட்டிப்போட்டது, சுமார் 1.5 கோடி மரங்கள் விழுந்தன. நாலு மாதம் தள்ளி. அவர் இறந்து 14 வருஷம் ஆகியிருந்தது. கையெழுத்துப் பிரதி 1992-இல்தான் அச்சேறியது. எனக்கு இதில் மந்திரம் எதுவும் வேண்டாம். ஆனால் இதை எழுதும்போதும் கை மயிர் நிற்கிறது.

நூமெனோரிலும் மொழிதான் முதலில் கெடுகிறது. எல்ஃபுகளின் நண்பர்களாக இருந்த அரசர்கள் க்வென்யாவில் பட்டப்பெயர் சூடிய காலம் போய், ஒருவன் தன் நாட்டு அதுனாயிக் மொழியில் ஆர்-அதுனாகோர் என்று பெயர் சூட்டிக்கொண்டு, எல்ஃப் மொழிகளைத் தடைசெய்கிறான். ஆனால் அரசர் பட்டியலில் அவன் பெயரும் பழைய முறைப்படி க்வென்யாவில்தான் ஏறுகிறது, ஹெருநூமென் என்று. அந்த வழக்கத்தை ஒரேயடியாக விட அவர்களுக்கே பயம். வெளியே முழக்கம் ஒரு மொழி, உள்ளே பயம் இன்னொரு மொழி. அரசியல் தெரிந்த எந்தத் தமிழனுக்கும் இதை நான் விளக்க வேண்டியதில்லை.

எங்கே தொடங்குவது என்று கேட்பவர்களுக்கு: மூன்றாம் பாகத்தின் பின்னிணைப்புகளைத் திறங்கள். நாட்காட்டிப் பகுதியில் ‘யேன்’ என்ற ஒரு சொல் வரும். எல்ஃபுகளின் நீண்ட ஆண்டு. நம் கணக்கில் 144 வருஷம், 52,596 நாள். நமக்கு ஒன்றுகூட முழுசாக வாய்க்காது. அவர்களுக்கு அது ஒரு வருஷம் என்று வாயில் வந்துபோகிறது. அந்த ஒரு சொல்லோடு இரண்டு நாள் இருங்கள். பிறகு எழுத்துப் பகுதி. பேனாவை எடுத்து ஒன்பதாம் எழுத்தை ஒரு தடவை எழுதிப் பாருங்கள், தண்டு மேலே போக வேண்டும். அப்புறம் ‘த லாஸ்ட் ரோடு’. கடைசியாக, கிறிஸ்டோஃபர் பதிப்பித்த 12 தொகுதிகளில் பன்னிரண்டாவது. ஷிபொலெத்தும் பெங்கோலோத்தின் பதிலும் இரண்டுமே அதில்தான். விலை கொஞ்சம் அதிகம், நூலகத்தில் கிடைத்தால் விடாதீர்கள்.

நான் இப்போது அம்மா சொல்கிற சொற்களை ஒரு நோட்டில் எழுதிவருகிறேன். அவள் சொல்கிறபடியே, திருத்தாமல். மளை, கிளவி, களுதை, உளக்கு. நேற்று வரை 63. எதற்கு எழுதுகிறாய் என்று கேட்டாள். சொன்னேன். “அப்ப ‘தாளம்பூ’ எளுதுனியா?” என்றாள். எழுதவில்லை. எழுதிக்கொண்டேன்.